நாடு நொடித்துப்போனால்



வியாபாரம் நொடித்துப்போனால் நம் ஊரில் மஞ்சள் கடுதாசி கொடுத்துவிடலாம். நீதிமன்றம் சொத்தைக் கணக்கெடுத்து, கடன் கொடுத்தவர்களுக்கு இருப்பதைப் பிரித்துத் தரும். ஒரு நாடு நொடித்துப்போனால்? மனுவை வாங்கிக்கொள்ள உலகத்தில் எந்த நீதிமன்றமும் இல்லை. இதனால் என்ன ஆகிறது என்பதை ஜாம்பியாவின் கதை நன்றாகக் காட்டும்.

ஆப்பிரிக்கக் கண்டத்தின் தென்பகுதியில் கடற்கரையே இல்லாத நாடு அது. 1964 அக்டோபர் 24-இல் விடுதலை பெற்றது. அதன் பெரிய சொத்து செம்பு. ஏற்றுமதி வருமானத்தில் பெரும்பங்கு இன்றும் அதுதான். விலையை நிர்ணயிப்பதோ லண்டன் உலோகச் சந்தை. முதல் பத்தாண்டில் விலை நன்றாக இருந்ததால் கென்னத் கவுண்டாவின் அரசு பள்ளிகளும் மருத்துவமனைகளும் கட்டியது. 1970களின் நடுவில் விலை சரிந்தது. எப்படியும் ஏறிவிடும் என்று நம்பிக் கடன் வாங்கினார்கள். விலை ஏறவில்லை, வட்டி ஏறியது.

அந்தக் கடன்களில் ஒன்றைப் பற்றி மட்டும் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். 1979-இல் ருமேனியா கடனுக்கு டிராக்டர்கள் கொடுத்தது. ஜாம்பியாவால் அடைக்க முடியவில்லை. வட்டியோடு சுமார் 3 கோடி டாலராக வளர்ந்துவிட்ட அந்தக் கடனை, 1999-இல் டோனிகால் இன்டர்நேஷனல் என்ற நிறுவனம் வெறும் 33 லட்சம் டாலர் கொடுத்து ருமேனியாவிடமிருந்து வாங்கிக்கொண்டது. பிறகு ஐந்தரைக் கோடி டாலர் கேட்டு லண்டனில் வழக்குப் போட்டது. இதற்கிடையே 2005-இல் உலக நாடுகள் ஜாம்பியாவின் கடனில் பெரும்பகுதியைத் தள்ளுபடி செய்திருந்தன. அப்படி மிச்சமான பணத்தைப் பள்ளிக்கும் மருந்துக்கும் செலவிடலாம் என்றிருந்த நேரத்தில், 2007-இல் தீர்ப்பு வந்தது: சுமார் ஒன்றரைக் கோடி டாலர் கொடு! போட்ட முதலைப் போல நான்கு மடங்குக்கும் மேல். இப்படிப்பட்ட நிறுவனங்களைப் பிணந்தின்னிக் கழுகுகள் என்று பத்திரிகைகள் எழுதுகின்றன. பிணந்தின்னிக் கழுகு பெரும்பாலும் உயிரோடிருப்பதைத் தொடாது என்பதால் எனக்கு அந்தப் பெயரில் முழுச் சம்மதமில்லை.

பழைய கடன் தீர்ந்ததும் புதுக் கடன் தேடி வந்தது. 2012-இல் ஜாம்பியா முதன்முறையாகப் பன்னாட்டுச் சந்தையில் 75 கோடி டாலருக்குக் கடன் பத்திரம் விற்றது. வாங்க வந்த பணமோ அதைப்போலப் பதினைந்து மடங்கு. அப்போது வட்டி ஐந்தரை சதவீதத்தை ஒட்டி இருந்தது. 2014-இல் எட்டரை, 2015-இல் ஏறக்குறைய ஒன்பது. மூன்று முறையும் சேர்த்து 300 கோடி டாலர். அதோடு சாலைகளுக்கும் விமான நிலையங்களுக்கும் சீன வங்கிகளிடம் வாங்கியது தனி. கடன் வாங்கிய அரசு கண்ணை மூடிக்கொண்டு வாங்கியது; அதை மறைப்பதற்கில்லை. ஆனால் செம்பை மட்டும் நம்பியிருக்கும் நாட்டுக்கு ஒன்பது சதவீதத்தில் கொடுத்தவர்கள், ஆபத்து தெரிந்துதானே அந்த வட்டியைக் கேட்டார்கள்?

2020 நவம்பரில் ஜாம்பியா சுமார் 4 கோடி டாலர் வட்டித் தவணையைக் கட்டாமல் விட்டது. அடுத்த ஆண்டு மக்கள் ஆட்சியை மாற்றினார்கள். புதிய அதிபர் ஹகைண்டே ஹிச்சிலெமா 2022-இல் அரசுப் பள்ளிகளில் கட்டணத்தை ஒழித்தார். ஏறத்தாழ 30,000 ஆசிரியர்களை நியமித்தார். கடன் பேச்சுவார்த்தை மட்டும் நகரவில்லை. பத்திரம் வைத்திருப்பவர்கள் அதிகம் விட்டுக்கொடுக்கட்டும் என்று கடன் கொடுத்த அரசுகள். அரசுகள் முதலில் விட்டுக்கொடுக்கட்டும் என்று அவர்கள். 2023 ஜூனில் சீனா உள்ளிட்ட அரசுகளோடு உடன்பாடு ஏற்பட்டது. பத்திரக்காரர்களோடு எட்டிய உடன்பாட்டையோ அந்த அரசுகள் நவம்பரில் தட்டிவிட்டன. 2024 ஜூனில்தான் பத்திரக்காரர்களோடு கணக்கு முடிந்தது. அதற்குள் கடும் வறட்சி வந்து, பிப்ரவரியில் தேசியப் பேரிடர் என்று அறிவிக்க வேண்டியதாயிற்று. மக்காச்சோளம் கருகியது. மின்சாரம் தரும் கரிபா நீர்த்தேக்கத்தில் நீர் குறைந்ததால் நாளில் பல மணி நேரம் மின்சாரம் இல்லை.

2022 ஏப்ரலில் கடன் தவணைகளை நிறுத்திய இலங்கையும் பத்திரக்காரர்களோடு கணக்கு முடிக்க 2024 டிசம்பர்வரை காத்திருந்தது.

நாடுகளுக்கும் ஒரு நொடிப்புச் சட்டம் வேண்டும் என்பது புதிய யோசனை அல்ல. 2001-இல் பன்னாட்டு நாணய நிதியத்தின் ஆன் குரூகர் அதை முன்வைத்தார். அமெரிக்கா ஒத்துக்கொள்ளாததால் 2003-இல் அது கைவிடப்பட்டது. 2015-இல் ஐ.நா. பொதுச்சபையில் கடன் சீரமைப்புக்கான கோட்பாடுகளை 136 நாடுகள் ஆதரித்தன, 6 நாடுகள் எதிர்த்தன. அந்த ஆறில் அமெரிக்காவும் பிரிட்டனும் உண்டு. நாடுகள் பன்னாட்டுச் சந்தையில் விற்கும் பத்திரங்களில் பெரும்பாலானவை எழுதப்படுவது நியூயார்க் சட்டப்படி அல்லது இங்கிலாந்துச் சட்டப்படி!

டிராக்டர் வழக்கு போன்றவை கிளப்பிய கொதிப்பால் பிரிட்டன் 2010-இல் ஒரு சட்டம் கொண்டுவந்தது. ஏழை நாடுகளின் பழைய கடன்களை வாங்கி முழுத்தொகை கேட்பதை அது தடுக்கிறது. 2012 முதல் ஜாம்பியா விற்ற பத்திரங்கள் எதற்கும் அது பொருந்தாது.