திருப்பி மாட்டிய பூத்குளி
(ஆனந்த குமாரசாமியும் காப்பாட்சியர் கடமையும்: உதகமண்டலத்தில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவு)

யார் நினைவாக இப்பொழிவு நடக்கிறதோ அந்தப் பெருமகனாரிடம் பாடம் கேட்டவன் நான். புத்தகத்தைத் திறக்கும் முன் பொருளைக் கையில் எடுத்துப் பார் என்பார். அந்த நன்றியோடு நேரே விஷயத்துக்கு வருகிறேன்.

ஆனந்த குமாரசாமியை முன்வைத்து எனக்கும் துறை நண்பர்கள் சிலருக்கும் நடக்கும் வழக்கு இந்த அவையில் பாதிப் பேருக்குத் தெரியும். 1877இல் கொழும்பில் சர் முத்து குமாரசாமியின் மகனாகப் பிறந்தவர். நிலவியல் படித்து இலங்கையின் கனிம ஆய்வுத் துறைக்குத் தலைமை ஏற்றவர். 1917 முதல் 1947இல் மறையும் வரை பாஸ்டன் நுண்கலை அருங்காட்சியகத்தில் இருந்தவர். இவரை நண்பர்கள் இரண்டாக வெட்டுகிறார்கள். ராஜபுத்திர ஓவியங்களைப் பற்றி 1916இலும், இந்திய, இந்தோனேசியக் கலை வரலாற்றை 1927இலும் எழுதிய காப்பாட்சியர் வேண்டுமாம். 1930களில் மெய்ப்பொருள் பேசியவர் வேண்டாமாம். செய்பவர், பயன்படுத்துபவர், பயன் என்ற மூன்றும் பிரியாத ஒரு சமூகத்தை அவர் மனத்துக்குள்ளேயே கட்டிக்கொண்டார், அப்படி ஓர் உலகம் எங்கும் இருந்ததில்லை என்பது அவர்கள் கட்சி.

நான் மறுக்கிறேன். அந்த மெய்ப்பொருள் காப்பாட்சியர் வேலையிலிருந்தே பிறந்தது. கலைப்பொருளை ஏன் காட்சிக்கு வைக்கிறோம் என்ற கேள்வியையே தலைப்பாக்கி 1943இல் அவர் தந்த நூல், கண்ணாடிப் பெட்டியின் முன் நின்று யோசித்த ஒருவரால்தான் எழுத முடியும். ரசிப்பதற்காக மட்டும் வைத்தால் பொருளைப் பாதி கொன்றுவிடுகிறோம். அது எதற்காகப் பிறந்தது என்பதைத் தெரியவைப்பதே கூடத்தின் வேலை என்பது அவர் நிலை. இதற்கு நான் பாஸ்டனுக்குப் போக வேண்டியதில்லை.

பல ஆண்டுகளுக்கு முன் ஓர் அருங்காட்சியகத்துக்கு நீலகிரித் தோடர் பழங்குடி மூதாட்டி ஒருவரை அழைத்துப் போனேன். பெயர் வேண்டாம், எங்கும் நடக்கக்கூடியதுதான். ஒரு பெட்டியில் பூத்குளி என்னும் தோடர் போர்வை மாட்டியிருந்தது. வெள்ளைப் பருத்தி, ஓரத்தில் சிவப்பும் கறுப்புமாகக் கம்பளி நூல் வேலை. கீழே அட்டையில் மூன்றே சொற்கள்: தோடர் சால்வை, நீலகிரி. அம்மா கண்ணாடியில் நெற்றி படும்படி குனிந்து பார்த்தார். பிறகு என்னிடம் திரும்பி, "யாரு சார் இதத் திருப்பி மாட்டினது? இது உள்பக்கம்" என்றார்.

எனக்கு விளங்கவில்லை. வழவழவென்று தெரிந்த பக்கம்தான் எனக்கு அழகாகப் பட்டது. வெளியே வந்து படிக்கட்டில் உட்கார்ந்து, தாம் போர்த்தியிருந்ததன் ஓரத்தை என் கையில் கொடுத்தார். தோடப் பெண்கள் சட்டத்தில் துணியைப் பூட்டுவதில்லை. கோலம் எதையும் வரைந்துகொள்வதும் இல்லை. துணியின் பின்புறமிருந்து, இழையை விரலால் எண்ணி எண்ணி ஊசியை ஓட்டுகிறார்கள். ஒவ்வொரு ஓட்டத்திலும் நூலைக் கொஞ்சம் தளர விடுகிறார்கள். அந்தத் தளர்வு சிறு சிறு வளையங்களாக எழும்பி நிற்கும். சொரசொரப்பான அந்தப் பக்கமே முகம். தோளுக்கு வெளியே தெரிவது அதுதான். கண்ணை மூடி விரலால் தடவச் சொன்னார். தடவினேன். எண்ணிக்கை விரலுக்குக் கேட்டது.

அவருக்கு இன்னொரு வருத்தமும் இருந்தது. பூத்குளி இரட்டையாக மடித்துத் தைப்பது. மடிப்புக்கு நடுவே பை போல இடம் உண்டு. பெட்டியில் இருந்ததை ஆணி அடிக்க வசதியாக யாரோ தைத்து மூடியிருந்தார்கள். "அப்புறம் வெல்லம் எங்க வைக்கிறது?" என்று கேட்டார். இறந்தவரை வேலைப்பாடுள்ள பூத்குளியில் சுற்றி அனுப்புவது அவர்கள் வழக்கம். அம்நோர் என்னும் மறுவுலகம் வரை போகிறவருக்கு வழியில் வேண்டுமே என்று அந்த மடிப்பில் வெல்லமும் தானியமும் வைப்பார்கள். 1902இல் இங்கே தங்கி ஆராய்ந்து 1906இல் நூல் வெளியிட்ட மானிடவியலாளர் ரிவர்ஸும் தோடர் ஈமச்சடங்கை விரிவாக எழுதியிருக்கிறார். அந்தப் புத்தகம் அங்கே நூலகத்திலேயே இருந்தது. அட்டை எழுதியவர் எடுத்துப் பார்க்கவில்லை.

ஆக, அங்கே மாட்டியிருந்தது வழிப்பயணத்துக்கான துணி, முகம் உள்ளே திரும்பி, பை தைக்கப்பட்டு. அதன் அழகைப் பார்த்தவர் பலர். அது எதற்கு என்று கேட்டவர் ஒருவர்தான், அவர் அதைத் தைக்கத் தெரிந்தவர். குமாரசாமி சொன்ன உலகம் கற்பனை என்போர், இந்த அரங்கிலிருந்து தோடர் ஊராகிய ஒரு மந்து வரை நடந்து பார்க்கட்டும்.

நண்பர்கள் இரண்டு தடை சொல்வார்கள். துணி தோடர் நெய்ததல்ல, நூலும் சந்தையில் வாங்கியது என்பது ஒன்று. உண்மைதான். குமாரசாமியின் அளவுகோல் சரக்கின் பூர்வீகம் அல்ல, பயன். 2013இல் புவிசார் குறியீடு கிடைத்தபின் பணப்பையும் மேசைவிரிப்பும் தைக்கிறார்களே என்பது மற்றொன்று. தைக்கட்டும், கூலி வேண்டும். சாவுக்கு இன்னும் பூத்குளிதான் வருகிறது.

ஒன்றை ஒப்புக்கொள்கிறேன். கைவினைஞர் பட்ட பசியையும் சாதியின் கொடுமையையும் குமாரசாமி போதிய அளவு பார்க்கவில்லை. அந்தக் குறையை அவர் பெயரால் மறைக்க நான் வரவில்லை.

நேரம் நெருங்குகிறது, மற்றவற்றைத் தொட்டுவிட்டுப் போகிறேன். நீலகிரியின் முதல் ஆணையர் பிரீக்ஸ் கல்வட்டங்களைத் தோண்டி எடுத்த தாழிகள், எருமை உருவம் வைத்த மூடிகள் பற்றி எழுதிய நூல் அவர் இறந்த மறு ஆண்டு, 1873இல் வெளிவந்தது. அவற்றைக் குமாரசாமி வழியில் படிப்பது தனிப் பொழிவுக்கு உரியது. கோத்தர் இரும்பு வேலை, கோத்தப் பெண்களின் மண்பாண்டம் பற்றியும் சொல்ல எண்ணியிருந்தேன். முத்தொரை பாலாடாவில் பழங்குடியினர் ஆய்வு மையம் இருக்கிறது. மாணவர்கள் அங்கிருந்து தொடங்கலாம். எழும்பூர், லண்டன் அருங்காட்சியகங்களில் உள்ள நீலகிரிப் பொருள்களுக்கு ஒரே பட்டியல் வேண்டும்.

இவை எல்லாவற்றுக்கும் முன்னால் ஒரு வேலை. ஒவ்வொரு பெட்டியின் படத்தையும் அட்டையையும் மந்துக்கு எடுத்துப்போய்ப் பெரியவர்களிடம் காட்டி, அவர்கள் சொல்வதை அவர்கள் மொழியிலேயே பதிவு செய்ய வேண்டும். என்னோடு படிக்கட்டில் உட்கார்ந்த அம்மா இப்போது இல்லை. அவர் மகள் இருக்கிறார், அவரும் தைக்கிறார். அடுத்த மழைக்கு முன் யாராவது போங்கள்.