குத்துவிளக்குக்கு அனுமதி வாங்கிய கர்தினால்



நம் கரிசல் பக்கத்துச் சிற்றாலயங்களில் ஞாயிற்றுக்கிழமைப் பூசையைப் பார்த்திருப்பீர்கள். செருப்பை வாசலிலேயே விட்டுவிட்டு வந்து தரையில் அமர்கிறார்கள். பீடத்தருகே குத்துவிளக்கு எரிகிறது. விழா நாளென்றால் ஆரத்தியும் உண்டு. இவை பூசைச் சடங்கிலேயே முறைப்படி இடம்பெற ரோமாபுரியின் அனுமதியைக் கேட்டு வாங்கியவர் ஒரு தமிழர்: கர்தினால் சைமன் லூர்துசாமி.

செஞ்சிக்கு அருகே கல்லேரி அவருடைய ஊர். 1924 பிப்ரவரி 5 அன்று பிறந்தார். 1951இல் குருவானார். ரோமில் திருச்சபைச் சட்டம் படித்துத் திரும்பி, புதுச்சேரியில் ‘சர்வ வியாபி’ வார இதழைக் கவனித்துக்கொண்டார். 1962இல் பெங்களூருவின் துணை ஆயர், 1968இல் பேராயர்.

அந்த ஆண்டுகளில்தான் கத்தோலிக்க ஆயர்களின் இரண்டாம் வத்திக்கான் சங்கம் கூடியது. அதுவரை பூசை லத்தீனில் நடந்தது. குருவானவர் பீடத்தைப் பார்த்தபடி மந்திரம் சொல்வார், பின்னால் மக்கள் செபமாலை உருட்டிக்கொண்டிருப்பார்கள். சங்கம் தாய்மொழிக்கு வழிவிட்டது. மொழி மாறினால் போதுமா, உடம்பும் கும்பிட வேண்டாமா என்ற கேள்வி இந்திய ஆயர்களுக்கு எழுந்தது. அவர்களுடைய வழிபாட்டுப் பணிக்குழுவின் தலைவராக இருந்த லூர்துசாமி, பன்னிரண்டு மாற்றங்களை எழுதி ரோமுக்கு அனுப்பினார். 1969 ஏப்ரலில் ஒப்புதல் வந்தது.

அந்தப் பட்டியல் எத்தனை அழகு, கேளுங்கள். முழங்கால் மடக்குவதற்குப் பதிலாகக் கைகூப்பி, தாழக் குனிந்து வணங்குவது. மெழுகுதிரிக்குப் பதிலாக எண்ணெய் விளக்கு. புனிதப் பொருளை முத்தமிடுவதற்குப் பதில், அதைத் தொட்டுக் கண்களில் ஒற்றிக்கொள்வது. நம் வீட்டுப் பாட்டிமார் யாரும் சொல்லித்தராமலே செய்துவந்த காரியம் இது! எதிர்ப்பும் பலமாக இருந்தது. இந்துச் சடங்குகள் உள்ளே நுழைகின்றன என்று கத்தோலிக்கர்களிலேயே பலர் கொதித்தார்கள். லூர்துசாமியின் தம்பி அமலோர்பவதாஸ் அடிகளார், பெங்களூருவில் 1967இல் தொடங்கிய தேசிய விவிலிய, மறைக்கல்வி, வழிபாட்டு மையத்திலிருந்து இந்த முறைகளை நாடெங்கும் கொண்டுபோனார். அந்தத் தம்பியின் உழைப்பைத் தனி உரையாகவே பேசலாம்.

   

நேரம் நெருங்குகிறது, மீதியைச் சுருக்கிச் சொல்லிவிடலாம். லூர்துசாமி 1971இல் ரோமில் பணியேற்றார். 1985 மே மாதம் இரண்டாம் யோவான் பவுல் அவரைக் கர்தினாலாக்கினார். தமிழர்களில் முதல் கர்தினால் அவரே. அதே ஆண்டு கீழைத் திருச்சபைகளைக் கவனிக்கும் வத்திக்கான் பேராயத்தின் தலைவரானார். கேரளத்துச் சீரோ மலபார், சீரோ மலங்கரைத் திருச்சபைகளும் அதன் பொறுப்பில்தான் வரும். 1991வரை அதை நடத்தினார். 2014 ஜூன் 2 அன்று ரோமில், தொண்ணூறு வயதில் காலமானார்.

லத்தீன் பூசை தமிழுக்கு மாறியதைக் கண்ணால் கண்ட பெரியவர்கள் நம் ஊர்களில் இன்னும் இருக்கிறார்கள். இளைய நேயர்களே, அவர்களிடம் உட்கார்ந்து கேட்டு எழுதி வையுங்கள்.