ஆண்டுக்கு இரண்டு போகம்



கிரிக்கெட் ஆட்டக்காரர் ஒருவர் இன்று ரன் எடுக்காமல் வெளியேறினால், அடுத்த வாரம் இன்னொரு ஆட்டம் இருக்கும், அதில் ஈடுகட்டிக்கொள்வார். மாரத்தான் ஓடிப் பிழைப்பவருக்கு அந்த வசதி கிடையாது. 42 கிலோமீட்டர் 195 மீட்டரைத் தன் முழு வலுவோடு ஓடியவரின் தசைகள் தேறவே வாரக்கணக்காகும். அடுத்த பந்தயத்துக்கு உடம்பைத் தயார்படுத்த மேலும் மூன்று, நான்கு மாதம் வேண்டும். அதனால் முன்னணியில் இருப்பவர்கள் பெரும்பாலும் ஆண்டுக்கு இரண்டு மாரத்தான்தான் ஓடுகிறார்கள். இரண்டு போகம் விளையும் நிலத்தை நம்பி வாழ்வதைப் போன்ற பிழைப்பு. அந்த ஒரு நாள் காலையில் வயிறு சரியில்லை என்றால், ஆறு மாத வருமானம் போயிற்று.

இது காசு புரளும் தொழிலானதே அண்மையில்தான். பாஸ்டன் மாரத்தான் 1897-இல் தொடங்கியது. வென்றவருக்குப் பரிசுப் பணம் கொடுத்தது 1986-இல்! அதுவரை கோப்பையும் கைதட்டலும்தான். இன்றைக்குப் பரிசுத்தொகை உண்டு, குறித்த நேரத்துக்குள் ஓடி முடித்தால் ஊக்கத்தொகை உண்டு. பெயர் பெற்றவர்களுக்கு வந்து ஓடுவதற்கென்றே தனித்தொகை பேசுவார்கள். இவற்றுக்கெல்லாம் மேலே காலணி நிறுவனத்தின் ஒப்பந்தம். ஏஜெண்டுக்கு ஒரு பங்கு போய்விடும்.

இந்தத் தொழிலில் நீண்ட காலம் நின்றவர் கென்யாவின் எலியுட் கிப்சோகே. 1984-இல் நாண்டி மாவட்டத்துக் கிராமம் ஒன்றில் பிறந்தவர். தந்தை இல்லாத வீடு, தாயார் ஆசிரியை. அதே ஊர்ப்பக்கத்தைச் சேர்ந்தவர் பாட்ரிக் சாங், 1992 பார்சிலோனா ஒலிம்பிக்கில் ஸ்டீபிள்சேஸ் ஓட்டத்தில் வெள்ளி வென்றவர். பதின்வயதுக் கிப்சோகே அவரிடம் போய்ப் பயிற்சித் திட்டம் கேட்பார். கொடுத்ததை முடித்துவிட்டுத் திரும்ப வந்து அடுத்ததற்கு நிற்பார். அந்தச் சாங்தான் பின்னாளிலும் அவருடைய பயிற்சியாளர்.

2003-இல் பாரிஸ் உலகப் போட்டியில், 5,000 மீட்டரில், எல் குரூஜ், பெக்கலே என்ற இரண்டு ஜாம்பவான்களை முந்தித் தங்கம் வாங்கியபோது கிப்சோகேவுக்கு 18 வயது. பிறகு 2004-இல் ஒலிம்பிக் வெண்கலம், 2008-இல் வெள்ளி. 2012-இல் லண்டன் ஒலிம்பிக்குக்கான கென்ய அணியில் இடமே கிடைக்கவில்லை. வயது 27. தடகளத்தில் கடைசிச் சுற்றை மின்னலாய் முடிக்கும் இளைஞர்கள் வரிசையாக வந்துகொண்டிருந்தார்கள். ஒரு நல்ல வாழ்க்கை முடிந்தது என்று பலரும் எழுதிவிட்டிருப்பார்கள். அவர் சாலைக்கு வந்தார். 2013-இல் ஹாம்பர்க்கில் முதல் மாரத்தான், அதிலேயே வெற்றி. அதே ஆண்டு பெர்லினில் இரண்டாமிடம். அதற்குப் பிறகு, 2014 முதல் 2019 வரை, ஓடிய பத்துப் போட்டிகளிலும் அவரே முதல்.

அந்தப் பத்தில் எனக்குப் பிடித்தது உலக சாதனை நாள் அல்ல, 2015 பெர்லின். ஓடத் தொடங்கிய சிறிது நேரத்திலேயே புதுக் காலணியின் உள்ளட்டை கழன்று, குதிகால் பக்கமாக வெளியே துருத்தி, ஒவ்வோர் அடிக்கும் படபடவென்று அடித்துக்கொண்டது. ஒரு காலில் அல்ல, இரண்டிலும். நின்று பிடுங்கி எறிந்திருக்கலாம். அதற்குள் கூட்டம் போய்விடும். அப்படியே ஓடினார், கொப்புளமும் இரத்தமுமாக. 2 மணி 4 நிமிடத்தில் முதலாவதாக வந்தார். அடுத்த போகம் ஏப்ரலில்தான் என்று தெரிந்தவர் ஓடிய ஓட்டம் அது.

2018-இல் அதே பெர்லினில் 2 மணி 1 நிமிடம் 39 நொடி. பழைய உலக சாதனையைவிட 78 நொடி குறைவு. வேகத்தை வகுத்துக்கொடுக்க அமர்த்தப்பட்ட பேஸ்மேக்கர்களில் கடைசி ஆளும் 25 கிலோமீட்டர் தாண்டியதும் விலகிவிட்டார். மீதியைத் தனியாக, முதல் பாதியைவிட விரைவாக ஓடினார். 2022-இல் அதையும் 30 நொடி குறைத்தார். அந்த வேகத்தை நம் மைதானத்தில் வைத்துப் பார்த்தால், 100 மீட்டரை 17 நொடிச் சொச்சத்தில் ஓட வேண்டும்; அப்படிச் சுமார் 420 தடவை, இடைவெளி விடாமல்.

2019-இல் வியன்னாவில் 1 மணி 59 நிமிடம் 40 நொடியில் முடித்ததுதான் ஊரறிந்த செய்தி. அது ஏட்டில் சாதனையாகப் பதியப்படவில்லை. 41 பேர் மாறி மாறி அவருக்குக் காற்றை மறைத்து ஓடினார்கள். அது பந்தயமும் இல்லை. அவர் அணிந்த புதுவகைக் காலணியின் பங்கு எவ்வளவு, காலின் பங்கு எவ்வளவு என்ற வாதம் இன்றும் ஓயவில்லை.

ஆண்டில் மிச்சமுள்ள நாள்களெல்லாம் எங்கே போகின்றன? கப்டகாட் என்ற ஊரில், கடல்மட்டத்திலிருந்து சுமார் 2,400 மீட்டர் உயரத்தில். கோடீஸ்வரரான பிறகும் வாரநாள்களில் வீட்டை விட்டு முகாமில்தான் தங்கினார். உகாலி என்னும் மக்காச்சோள மாவுக் களி, கீரை, பால் விட்ட தேநீர். கழிவறை கழுவும் முறை வந்தால் அவரும் கழுவினார். வாரத்துக்கு 200 கிலோமீட்டருக்கு மேல் செம்மண் பாதையில் ஓட்டம். ஓடியதை நோட்டுப் புத்தகத்தில் எழுதிவைப்பார். பார்க்கப் போனால் சலிப்பூட்டும் வேலை. அந்தச் சலிப்பைத் தாங்கும் சுபாவத்துக்குத்தான் சம்பளம் என்பது என் எண்ணம்.

2020-இல் லண்டனில் எட்டாமிடம். காது அடைத்துக்கொண்டது என்றார். மறு ஆண்டே ஒலிம்பிக் மாரத்தானில் தங்கம், ரியோ ஒலிம்பிக்கை அடுத்து இரண்டாவது. 2023 பாஸ்டனில் ஆறாமிடம். அதே ஆண்டு அக்டோபரில், 23 வயதுக் கெல்வின் கிப்டம் சிகாகோவில் 2 மணி 35 நொடியில் ஓடி உலக சாதனையைப் பறித்தார். நான்கே மாதத்தில், 2024 பிப்ரவரியில், கிப்டம் கார் விபத்தில் இறந்துபோனார். இருவரும் ஒரே மாரத்தானில் மோதியதே இல்லை. ஆண்டுக்கு இரண்டே பந்தயம் என்ற கணக்கு அதற்கு இடம் தரவில்லை.

2024 ஆகஸ்ட் 10, பாரிஸ் ஒலிம்பிக் மாரத்தான். 40-ஐ நெருங்கும் கிப்சோகே முதுகைப் பிடித்துக்கொண்டு பின்தங்கினார். 30 கிலோமீட்டர் கடந்தபின் நின்றுவிட்டார். காலணியைக் கழற்றி, வேடிக்கை பார்த்தவர்களுக்குக் கொடுத்துவிட்டார். மாரத்தானைப் பாதியில் விட்டது அவருக்கு அதுவே முதல் முறை. அன்று மாலை, அதே பாரிஸில், பெண்கள் 1,500 மீட்டரில் ஃபெயித் கிப்யெகோன் தொடர்ந்து மூன்றாவது ஒலிம்பிக் தங்கம் வென்றார். அவரும் கப்டகாட்டில் பயிற்சி பெற்றவர், பாட்ரிக் சாங்கின் மாணவி.