துடுப்பும் பேரேடும்



நான் போடிநாயக்கனூரில் ஏலக்காய் வணிகர் ஒருவரிடம் முப்பத்தைந்து ஆண்டுகள் கணக்கு எழுதியவன். நான் கண்ட நீர்ப்பரப்புகளுள் மிகப் பெரியது வைகை அணை. துடுப்பைக் கையால் தொட்டவனும் அல்லேன். இத்தகையவன் ஒலிம்பிக் படகுப் போட்டியில் வென்று, பணச் சந்தையில் வாழ்ந்த ஒருவரைப் பற்றிப் பேச வந்திருப்பது உங்களுக்கு வியப்பாக இருக்கலாம். அவர் கதை என் வாழ்வில் நேர்ந்த ஒரு பிழையை எனக்கு எடுத்துக் காட்டிற்று. அதனாலேயே பேசத் துணிந்தேன்.

போடியிலிருந்து பதினேழு கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து ஏறினால் போடிமெட்டு வரும். இப்பால் தமிழகம், அப்பால் கேரளம். பொழுது புலருமுன்னே மலைப்பாதையில் ஜீப்புகள் ஏறத் தொடங்கிவிடும். அவற்றில் தூக்குவாளியை மடியில் வைத்துக்கொண்டு நெருக்கியடித்து அமர்ந்திருக்கும் பெண்கள் ஏலத்தோட்டங்களில் காய் பறிக்கச் செல்கிறவர்கள். ஏலக்காய் கிளையில் தொங்குவதன்று. செடியின் அடித்தூரிலிருந்து புறப்பட்டுத் தரையை ஒட்டிக் கிடக்கும் சரங்களில் காய்ப்பது. ஆகவே நாள் முழுதும் குனிந்தும் குந்தியும், பழுத்த பதம் பார்த்து ஒவ்வொரு காயாகப் பறிக்க வேண்டும். பறித்த பச்சைக் காய் ஏறத்தாழ ஐந்து கிலோவை உலர்த்தினால் ஒரு கிலோ உலர்ந்த காய் கிடைக்கும். பிறகு அது தரம் பிரிக்கப்பட்டு, மலையிறங்கிப் போடிக்கு வந்து ஏலத்தில் விலையாகும். அந்த விலை என் பேரேட்டில் ஒரு வரியாகும். அந்த ஜீப்புகளில் ஏறிச் சென்ற பெண்களுள் என் தாயாரும் ஒருவர் என்பதை மட்டும் இப்போது சொல்லி வைக்கிறேன்.

இனி, நான் சொல்ல வந்தவரைப் பார்ப்போம். அவர் பெயர் சார்லஸ் பர்னெல். 1876-ஆம் ஆண்டு இங்கிலாந்தில் பிறந்தவர். ஈட்டன் பள்ளியிலும் ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகத்திலும் பயின்றார். ஆக்ஸ்போர்டுக்கும் கேம்பிரிட்ஜுக்கும் இடையே தேம்ஸ் ஆற்றில் ஆண்டுதோறும் நடைபெறும் புகழ்பெற்ற படகுப் போட்டியில் 1895 முதல் 1898 வரை நான்கு முறை துடுப்பு வலித்தார். நான்கு முறையும் அவருடைய படகே வென்றது. கல்லூரிப் படிப்பு முடிந்தபின் லண்டன் பங்குச் சந்தையில் தரகர் ஆனார்.

1908-ஆம் ஆண்டு ஒலிம்பிக் பந்தயம் லண்டனில் நடந்தது. படகுப் போட்டிகள் தேம்ஸ் கரையிலுள்ள ஹென்லி என்னும் ஊரில் நடைபெற்றன. பிரிட்டனுக்காக லியாண்டர் சங்கத்தின் எட்டுத் துடுப்புப் படகு களம் இறங்கியது. அதில் இடம்பெற்றவர்களுள் பர்னெலும் ஒருவர். அப்போது அவருக்கு வயது 32. அதே படகில் மற்றொரு பங்குத் தரகரும் இருந்தார். கை நிக்கால்ஸ் என்ற அவருக்கு வயது 41. இளைஞர்கள் நிறைந்த களத்தில் இவர்களைக் கிழவர்கள் என்றே பலர் எண்ணினர். ஆயினும் இறுதிப் போட்டியில் பெல்ஜியத்தின் படகைப் பின்தள்ளி இவர்கள் தங்கப் பதக்கம் வென்றனர்.

துடுப்பு வலிக்கும் கலையைப் பற்றி இவ்விடத்தில் சில சொற்கள் கூற வேண்டும். பார்ப்பவர்கள் அதைத் தோள்வலிமை என்று நினைப்பார்கள். உண்மையில் வலிமையின் பெரும்பகுதி கால்களிலிருந்தே பிறக்கிறது. இருக்கை முன்னும் பின்னும் உருளும், கால்கள் உதைக்கும், முதுகு அந்த விசையைக் கைக்குக் கடத்தும், கை அதைத் துடுப்புக்குக் கொடுக்கும். எட்டுப் பேரும் ஒரே கணத்தில் துடுப்பை நீரில் இறக்க வேண்டும். ஒரே கணத்தில் எடுக்க வேண்டும். ஒருவர் தனித்துத் திறமை காட்ட முயன்றால் படகு தடுமாறும். மற்றுமொன்று. வலிப்பவர்கள் போகும் திசைக்கு முதுகு காட்டி அமர்ந்திருப்பார்கள். அவர்கள் கண்ணுக்குத் தெரிவது சேரவேண்டிய இடமன்று, புறப்பட்ட இடமே. கணக்கெழுதுகிறவனும் அப்படிப்பட்டவன்தானே? அவன் கண்முன் இருப்பது நேற்று வந்த வரவும் நேற்றுப் போன செலவும்தான். அவற்றைப் பார்த்துக்கொண்டேதான் அவன் நாளைய நாளை நோக்கி நகர வேண்டும்.

பர்னெலின் வெற்றிக்குப் பின்னால் ஒரு நிழலும் உண்டு. அதை மறைத்துப் பேசுவது முறையன்று. அக்காலத்தில் இங்கிலாந்தின் படகுச் சங்க விதியொன்று, பொழுதுபோக்காக வலிக்கும் ‘அமெச்சூர்’ யார் என்பதை வரையறுத்தது. பணத்துக்காகப் போட்டியிட்டவர் அமெச்சூர் ஆகார் என்று அது கூறியதில் வியப்பில்லை. ஆனால் கூலிக்காகக் கைத்தொழில் செய்பவரும், உடலுழைப்புத் தொழிலாளியும் அமெச்சூர் ஆகார் என்றும் அது கூறியது. படகு கட்டிப் பிழைப்பவருக்கும் இடமில்லை. ஏடும் எழுதுகோலும் பிடிப்பவர் போட்டியில் கலந்துகொள்ளலாம். உளியும் மண்வெட்டியும் பிடிப்பவர் கரையில் நின்று பார்க்கலாம். இதுவே அந்த விதியின் பொருள்!

அமெரிக்காவின் ஜான் கெல்லி செங்கல் கட்டும் தொழில் செய்தவர். 1920-இல் ஹென்லிப் போட்டியில் கலந்துகொள்ள அவருக்கு அனுமதி மறுக்கப்பட்டது. அவருடைய சங்கத்தின்மீது இருந்த பழைய தடையும் ஒரு காரணமாகச் சொல்லப்பட்டது. அதே ஆண்டு ஆன்ட்வெர்ப் ஒலிம்பிக்கில் ஒற்றையர் போட்டியில் இங்கிலாந்து வீரரையே வென்று அவர் தங்கம் பெற்றார். 1936-இல் ஆஸ்திரேலியாவின் எட்டுப் பேர் குழுவும் ஹென்லியில் தடுக்கப்பட்டது. அவர்கள் காவல்துறையினர் என்பதே காரணம். அதன்பின் எழுந்த கண்டனம் வீண்போகவில்லை. 1937-இல் தொழிலாளரை விலக்கும் விதி நீக்கப்பட்டது.

இனி வரும் பகுதியே என் நெஞ்சைத் தொட்டது. 1948-ஆம் ஆண்டு ஒலிம்பிக் மீண்டும் லண்டனுக்கு வந்தது. படகுப் போட்டி மீண்டும் ஹென்லிக்கு வந்தது. போர் முடிந்து மூன்றாண்டுகளே ஆகியிருந்தன; உணவு இன்னும் பங்கீட்டில்தான் கிடைத்தது. பிரிட்டனின் வீரர்களுக்குச் சற்றுக் கூடுதலாக, துறைமுகத் தொழிலாளிக்குரிய பங்கீடு அளிக்கப்பட்டது. ஒரு காலத்தில் தொழிலாளியை வெளியே நிறுத்திய விளையாட்டு, இப்போது தொழிலாளியின் பங்கை உண்டு வலிமை பெற்றது!

அந்த ஆண்டு இரட்டையர் துடுப்புப் போட்டிக்கு இருவர் தேர்ந்தெடுக்கப்பட்டனர். ஒருவர் ரிச்சர்ட் பர்னெல். நம் சார்லஸ் பர்னெலின் மகன். ஈட்டனிலும் ஆக்ஸ்போர்டிலும் பயின்று, டைம்ஸ் நாளிதழில் படகுப் போட்டிச் செய்திகள் எழுதியவர். மற்றவர் பெர்ட் புஷ்னெல்; படகு கட்டுபவரின் மகன். தந்தையின் தொழிலில் இறங்கினால் அமெச்சூர் தகுதி போய்விடும் என்பதற்காக எந்திரப் பொறியியல் தொழில் கற்றவர். ஒருவர் நெடியவர், மற்றவர் உயரத்திலும் எடையிலும் சிறியவர். பேச்சு வேறு, வளர்ப்பு வேறு. ஒலிம்பிக்குக்குச் சில வாரங்களே இருந்தபோதுதான் இருவரும் ஒரே படகில் அமர்த்தப்பட்டனர். இறுதிப் போட்டியில் டென்மார்க்கையும் உருகுவேயையும் வென்று அவர்கள் தங்கம் பெற்றனர். நாற்பது ஆண்டுகளுக்கு முன் தந்தை வென்ற அதே ஆற்றில் மகனும் வென்றார். ஆனால் தந்தையின் காலத்து விதி கரையிலேயே நிறுத்தியிருக்கக்கூடிய ஒரு குடும்பத்துப் பிள்ளை இல்லாமல் அவரால் வென்றிருக்க முடியாது. சார்லஸ் பர்னெல் 1969 வரை வாழ்ந்தவர்; ஆகவே மகனின் வெற்றியை அறியும் பேறு அவருக்கு வாய்த்தது.

நம் நாட்டிலும் ஓர் எடுத்துக்காட்டு உண்டு. மகாராட்டிரத்தின் நாசிக் மாவட்டத்தைச் சேர்ந்த தத்து போகனல், கிணறு வெட்டும் வேலை செய்தவர். தந்தை மறைந்தபின் படையில் சேர்ந்தார். அங்கேதான் துடுப்புப் பிடிக்கக் கற்றார். 2016-இல் ரியோ ஒலிம்பிக்கில் ஒற்றையர் போட்டியில் பதின்மூன்றாம் இடம் பெற்றார். 2018 ஆசிய விளையாட்டில் நால்வர் படகில் ஒருவராக இருந்து தங்கம் வென்றார். பழைய விதி உயிரோடிருந்தால், கிணறு வெட்டிய அந்தக் கைகளுக்குத் துடுப்பு கிடைத்திருக்குமா?

இப்போது என் பிழையைச் சொல்கிறேன். நான் வேலைக்குச் சேர்ந்த முதல் ஆண்டு. மழையால் பறிப்பு நின்ற ஒரு நாளில், நான் மறந்து வந்த சோற்றுப் பாத்திரத்தை எடுத்துக்கொண்டு என் தாயார் கடைவாசலுக்கு வந்தார். சேறு படிந்த சேலை, வெடித்த விரல்கள். உள்ளே வெளியூர் வணிகர் சிலர் அமர்ந்திருந்தனர். “யார் தம்பி அது?” என்று ஒருவர் கேட்டார். “பக்கத்து வீட்டு அம்மா” என்றேன். என் தாயார் காதில் அது விழுந்தது. பாத்திரத்தைத் திண்ணையில் வைத்துவிட்டு, ஒன்றும் சொல்லாமல் போய்விட்டார். அன்று மாலை பேரேட்டைத் திறந்தேன். “பறிப்புக் கூலி, ஆள் நாற்பது” என்று என் கையாலேயே எழுதிய வரி இருந்தது. அந்த நாற்பதுக்குள் எத்தனை தாய்மார்கள் என்று அன்றுதான் எனக்குத் தோன்றிற்று. இரவு அவர் காலடியில் அமர்ந்து மன்னிப்புக் கேட்டேன். “சோறு தின்றாயா?” என்பதைத் தவிர அவர் வேறொன்றும் கேட்கவில்லை.

பல ஆண்டுகள் கழித்துப் பர்னெலின் கதையைப் படித்தபோது அந்த விதியை என் வீட்டோடு பொருத்திப் பார்த்தேன். அந்த விதியின்படி நான் படகில் ஏறலாம். என் தாயார் ஏறலாகாது. ஆனால் பொழுதெல்லாம் குனிந்து நிமிர்ந்த அவருடைய முதுகுக்குத்தான் துடுப்பு வலிக்கும் வலிமை இருந்தது. நாற்காலியில் அமர்ந்த என் முதுகு நூறு கெஜம்கூடத் தாங்கியிராது! இங்கிலாந்தின் சங்கம் அந்த விதியை 1937-இல் நீக்கிவிட்டது. என் உள்ளத்திலிருந்து அதை நீக்க எனக்கு இன்னும் நெடுங்காலம் ஆயிற்று.

மாணவச் செல்வங்களே! உங்களுள் பலர் நாளை வங்கிகளிலும் தணிக்கை அலுவலகங்களிலும் பங்குச் சந்தையிலும் பணிபுரிவீர்கள். உங்களை அங்கே அனுப்புவதற்காக இன்று யாரோ ஒருவர் மலையேறிக்கொண்டிருக்கலாம், வயலில் குனிந்துகொண்டிருக்கலாம். விளையாட்டையும் விடாதீர்கள், கணக்கையும் வெறுக்காதீர்கள். இரண்டும் ஒருவருக்குள் ஒருங்கே வாழும் என்பதற்குப் பர்னெல் சான்று. அத்துடன் துடுப்பு வலிப்பவர் அமரும் முறையையும் நினைவில் வையுங்கள். அவர் விரைந்து முன்னேறும்போதும் தாம் புறப்பட்ட கரையையே பார்த்துக்கொண்டிருக்கிறார்.