விடுப்பு முடிந்த மறுநாள்

தமிழ்நாட்டில் அரசு வேலை பார்க்கும் பெண்களுக்கு 2021 ஜூலை 1 முதல் மகப்பேறு விடுப்பு, முழுச் சம்பளத்துடன் ஓராண்டு. அதற்கு முன் ஒன்பது மாதம். 2011 வரை வெறும் மூன்றே மாதம். ஓராண்டு தாராளம்தான். சிக்கல் அது முடிந்த மறுநாள் தொடங்குகிறது.

ஒரு பெண் ஊழியரை நினைத்துப் பாருங்கள். கைக்குழந்தைக்கு மூச்சிரைப்பு, பார்த்துக்கொள்வதாகச் சொன்ன மாமியாருக்கு முழங்கால் அறுவை. வேலையோ வெளியூரில். "இன்னும் பத்து நாள் சார்" என்று கண்காணிப்பாளரிடம் போனில் சொல்கிறார் அந்தப் பெண். "சரிம்மா, பாத்துக்கலாம்" என்கிறார் அவரும். ஆனால் வருகைப் பதிவேட்டில் போன் பேச்சு ஏறாது. பத்து நாள் இரண்டு மாதமாகிறது. வந்து சேர்கிறது ஒரு மெமோ.

தமிழ்நாடு அரசு ஊழியர் ஒழுங்கு விதிகளில் வரும் 'பதினேழு ஏ', 'பதினேழு பி' என்றாலே அரசு அலுவலகங்களில் வயிற்றைக் கலக்கும். முதலாவதில் கண்டனம், ஊதிய உயர்வு நிறுத்தம் என்ற அளவில் போய்விடும். இரண்டாவதில் குற்றச்சாட்டு, விசாரணை அலுவலர் என்று நீண்டு பணிநீக்கம் வரைகூடப் போகலாம்.

இதில் மெமோ போகும் விலாசத்தைக் கொஞ்சம் கவனியுங்கள். அலுவலகப் பதிவேட்டில் இருப்பது வாடகை வீட்டு முகவரி. அவரோ குழந்தையோடு தாய்வீட்டில். தபால்காரர் வருகிறார், பூட்டிய கதவைப் பார்க்கிறார், உறையின் மேல் எழுதித் திருப்பி அனுப்புகிறார். கோப்பில் அந்த உறை 'வாங்க மறுத்தவர்' என்பதற்குச் சாட்சியாகிவிடுகிறது. அவர் இல்லாமலே விசாரணை நடந்து முடிகிறது.

அலுவலகத்தின் பக்கமும் நியாயம் உண்டு. ஓராசிரியர் பள்ளியிலோ துணை சுகாதார நிலையத்திலோ ஒருவர் வராவிட்டால் ஊரே தவிக்கும். கேள்வி கேட்கத்தான் வேண்டும். ஆனால் 'ஏன் வரவில்லை' என்று கேட்பது வேறு, 'வேண்டுமென்றே வரவில்லை' என்று எழுதிவிட்டுக் கேட்பது வேறு. உளவுத்துறை ஊழியர் ஒருவரின் வழக்கில் 2012-இல் உச்ச நீதிமன்றம் இதைத்தான் சொன்னது: வராததற்குத் தவிர்க்க முடியாத காரணம் இருக்கலாம், வேண்டுமென்றே வரவில்லை என்று நிரூபிக்காமல் அதை ஒழுங்கீனம் என்று முடிவுகட்டக் கூடாது. அவர் ஆண் ஊழியர், விவகாரமும் வேறு. பால்குடிக்கும் பிள்ளையை வைத்திருப்பவருக்கு இது இன்னும் நன்றாகவே பொருந்தும் என்பது என் கட்சி.

மத்திய அரசு ஊழியர்களுக்கான 1972-ஆம் ஆண்டு விடுப்பு விதிகள், மகப்பேறு விடுப்பு முடிந்ததும் வரும் இந்தச் சிக்கலை முன்கூட்டியே யோசித்திருக்கின்றன. 180 நாள் மகப்பேறு விடுப்பைத் தொடர்ந்து, தகுதியுள்ள வேறு விடுப்பை இரண்டாண்டு வரை, மருத்துவச் சான்று இல்லாமலே தரலாம். ஆனால், விண்ணப்பித்தால்தான்.

அந்த விண்ணப்பத்தில்தான் பலர் கோட்டை விடுகிறார்கள். ஈட்டிய விடுப்போ சம்பளமில்லா விடுப்போ, மகப்பேறு விடுப்பு முடியும் முன்பே எழுதிக் கொடுங்கள். அதிலேயே தாய்வீட்டு முகவரியையும் குறிப்பிடுங்கள். திரும்பி வரும் நாளில், "மேலிடத்து உத்தரவு வரட்டும், அப்புறம் சேரலாம்" என்று யாராவது சொன்னால், வெறுங்கையோடு வீட்டுக்குப் போய்விடாதீர்கள். பணியில் சேர வந்தேன் என்று எழுதி, தபால் பிரிவில் கொடுத்து, நகலில் தேதியோடு முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். அந்தத் தேதிக்குப் பிறகு நீங்கள் வரவில்லை என்று யாரும் சுலபமாக எழுதிவிட முடியாது.