காமிரா யாரைப் பார்க்கிறது?

(மீஞ்சூரில் ஆலைத் தொழிலாளர்களும் விவசாயத் தொழிலாளர்களும் கூடிய கூட்டத்தில் நிகழ்த்தப்பட்ட சொற்பொழிவு)



இன்று நாம் சுனில் ஜானா என்ற புகைப்படக்காரரைப் பற்றியும் அவருடைய புத்தகங்களைப் பற்றியும் பேசப்போகிறோம். கூலி உயர்வையும் குடிமனைப் பட்டாவையும் விட்டுவிட்டுப் படங்களைப் பற்றி என்ன பேச்சு என்று சில தோழர்கள் கேட்கக்கூடும். கேட்பது நியாயம்தான். பேச்சு முடிந்த பிறகு அவர்களே பதில் சொல்லட்டும்.

ஜானா 1918-ல் அஸ்ஸாமில் பிறந்து கல்கத்தாவில் வளர்ந்தவர். ஆங்கில இலக்கியம் படித்துக்கொண்டிருந்த மாணவர். 1943-ல் வங்காளத்தைப் பஞ்சம் சூறையாடியபோது, கம்யூனிஸ்ட் கட்சியின் அன்றைய பொதுச் செயலாளர் பி. சி. ஜோஷி அவரைப் பஞ்சப் பிரதேசத்துக்கு அழைத்துச் சென்றார். படிப்பை அத்தோடு விட்டார்; காமிராவைப் பிடித்தார்.

அந்தப் பஞ்சத்தில் மாண்டவர்கள் சுமார் 30 லட்சம் பேர் என்று மதிப்பிடப்படுகிறது. வானம் பொய்த்ததால் வந்த சாவா இது? இல்லை. ஜப்பான் படை வந்துவிடும் என்று காரணம் காட்டி, 1942-ல் வெள்ளை சர்க்கார் கரையோர மாவட்டங்களிலிருந்து நெல்லை அப்புறப்படுத்தியது. ஏழைகளின் படகுகளைப் பறித்தது. யுத்தச் செலவு விலைவாசியை ஏற்றிற்று. பதுக்கல்காரர்கள் மூட்டைகளை அடுக்கி வைத்துக் கதவைப் பூட்டினார்கள். முதலில் விழுந்தவர்கள் விவசாயக் கூலிகளும் மீனவர்களும்தான். நெல்லை நட்ட கைகள் கஞ்சிக்கு ஏந்தின.

ஜானாவின் படங்கள் பம்பாயிலிருந்து வெளிவந்த 'பீப்பிள்ஸ் வார்' என்ற கட்சிப் பத்திரிகையில் வந்தன. ஓவியர் சித்தபிரசாத் அதே பஞ்சத்தைக் கண்டு தீட்டிய 'பசித்த வங்காளம்' என்ற சிறு புத்தகத்தை சர்க்கார் பறிமுதல் செய்து கொளுத்தியது. பீரங்கி வைத்திருந்த ஏகாதிபத்தியம் சில படங்களுக்கு ஏன் அஞ்சியது? செத்தவனுக்கு முகம் இருக்கிறது என்று படம் சொல்லிவிட்டது. கணக்கில் வெறும் எண்ணாக இருந்தவன் மனிதனாகிவிட்டான்.

ஆனால் ஒன்றை மறக்கக்கூடாது. படம் அழவைக்கும், காரணத்தைச் சொல்லாது. எலும்புக்கூட்டைப் பார்த்து 'ஐயோ, விதி' என்றும் சொல்லலாம். ஆகவேதான் படத்தோடு எழுத்தும் போயிற்று. அரிசி எங்கே, யார் பூட்டினார்கள் என்று கேட்டது எழுத்து. இரண்டும் சேர்ந்தபோதுதான் அது ஆயுதமாயிற்று.

காந்தி, நேரு, ஜின்னா எல்லோரையும் ஜானா படமெடுத்தார். மலபாரின் விவசாயப் பெண்ணையும் எடுத்தார். தலைவர்களுக்குக் கொடுத்த அதே மரியாதையை அந்தப் பெண்ணுக்கும் கொடுத்தார். சுதந்திரத்திற்குப் பிறகு தாமோதர் பள்ளத்தாக்கின் அணைகள், உருக்காலைகள், நிலக்கரிச் சுரங்கங்கள், பழைய கோயில்களின் சிற்பங்கள், ஆதிவாசி மக்கள் என்று நாடெங்கும் சென்றார். 1949-ல் வந்த 'தி செகண்ட் கிரீச்சர்' என்ற அவருடைய புத்தகத்தை வடிவமைத்தவர் பிற்காலத்தில் சினிமாவில் உலகப் புகழ் பெற்ற சத்யஜித் ராய். 2003-ல் ஆதிவாசிகளைப் பற்றிய 'தி டிரைபல்ஸ் ஆஃப் இந்தியா' வந்தது. 2012-ல் அமெரிக்காவில் ஜானா காலமானார். மறு ஆண்டு, அவருடைய வாழ்நாள் உழைப்பைத் திரட்டி 'போட்டோகிராஃபிங் இந்தியா' வெளியாயிற்று.

இனி வேறு வகைப் புத்தகங்களைப் பாருங்கள். பார்லிமெண்ட், ஹைகோர்ட், ராஷ்டிரபதி பவன் என்று பளபளக்கும் காகிதத்தில் அச்சிடுகிறார்கள். தூண் இருக்கும், கோபுரம் இருக்கும், படிக்கட்டு இருக்கும். மனிதன் இருக்கமாட்டான்! 1927-ல் திறக்கப்பட்ட டில்லி பார்லிமெண்ட் கட்டடத்துக்கு லட்யன்ஸ், பேக்கர் என்று இரண்டு பேர்கள் சொல்வார்கள். கல் உடைத்தவன் பேர் என்ன? சுண்ணாம்பு சுமந்தவள் பேர் என்ன? நேரு அணைகளைப் புதிய காலத்தின் கோயில்கள் என்று வர்ணித்தார். நல்லது. அந்தக் கோயிலைக் கட்டியவர்களையும், அதற்காக நிலத்தை இழந்தவர்களையும் சேர்த்துப் பார்த்தால்தான் அது முழுப் படம். சென்னைக் கடற்கரையில் தேவி பிரசாத் ராய் சௌத்ரியின் உழைப்பாளர் சிலை 1959-லிருந்து நிற்கிறது. பாறையை நெம்பும் நான்கு பேர். தலைவர்களின் சிலைகள் வரிசையாக நிற்கும் அந்தக் கடற்கரையில், பேர் இல்லாதவர்களுக்கென்று நிற்கும் சிலை அது.

இப்போது நம் ஊருக்கு வருவோம். இங்கிருந்து கிழக்கே பார்த்தால் வட சென்னை அனல் மின் நிலையத்தின் புகைபோக்கி. அப்பால் எண்ணூர்த் துறைமுகம். காட்டுப்பள்ளியில் 2010-ல் திறந்த, கடல்நீரைக் குடிநீராக்கும் ஆலை. நாளொன்றுக்கு 10 கோடி லிட்டர் தரும் அளவுக்குக் கட்டியது. இவையெல்லாம் ஆண்டறிக்கைகளில் அழகான படங்களாக வரும். ஆனால் 1960களிலிருந்து சென்னைக்காக இந்த வட்டாரத்தின் நிலத்தடி நீரை இறைத்து இறைத்து, கடல் உள்ளே புகுந்து, நம் கிணறுகள் உப்பானது எந்தப் படத்தில் வரும்? ஒருபுறம் நல்ல தண்ணீரை எடுத்தார்கள். மறுபுறம் உப்புத் தண்ணீரை நல்லதாக்க ஆலை கட்டினார்கள். இடையில் நாற்று நட்டவள் வேலை இழந்தாள். அவள் பேர் எந்த அறிக்கையிலும் இல்லை.

தோழர்களே, இன்று நம் பையிலும் காமிரா இருக்கிறது. கலியாணத்துக்கும் கோயில் திருவிழாவுக்கும் எடுக்கிறோம், எடுக்கட்டும். கூடவே உப்பேறிய கிணற்றையும், தரிசாகிப்போன வயலையும், ஒப்பந்தத் தொழிலாளி தங்கும் தகரக் கொட்டகையையும் எடுப்போம். எடுத்தால் போதாது. தேதி, இடம், வேலை செய்தவர் எவர், எந்த ஒப்பந்தக்காரரிடம், என்ன கூலி என்று எழுதி வைப்போம். சம்பந்தப்பட்டவரின் சம்மதத்தோடு எடுப்போம். விபத்தில் ஒரு தொழிலாளி விழுந்தபின், 'இவன் எங்கள் ஆளே இல்லை' என்று ஒப்பந்தக்காரர் கைவிரிப்பதை நாம் கண்டதில்லையா? அன்று தேதியிட்ட ஒரு படம் அந்தக் குடும்பத்தின் பக்கம் நின்று சாட்சி சொல்லும்.

இன்னொரு வேலையும் உண்டு. ஜானாவின் புத்தகங்கள் ஆங்கிலத்தில் வந்தவை. விலையும் நமக்கு எட்டாது. நம் பகுதி நூலகத்தில் அவற்றை வாங்கி வைக்கவேண்டுமென்று கையெழுத்து வாங்கி மனுக் கொடுப்போம். தமிழ் விளக்கத்தைப் படித்த தோழர்கள் எழுதட்டும். படிக்கத் தெரியாதவரும் படத்தைப் படிப்பார். நம்மைவிட நன்றாகவே படிப்பார்.

தேசம் என்பது கட்டடமல்ல, அதைக் கட்டியவர்கள். நம்மைப் பிறர் எடுத்துக் காட்டும்வரை காத்திருக்க வேண்டாம். நம் சரித்திரத்தை நாமே எழுதுவோம், நாமே படமாக்குவோம்.