ஈகையும் தாழ்மையும்



குயில்தோப்பைத் தன் எல்லைக்குள் கொண்ட கருவடிக்குப்பம், பாரதியின் பெயரோடு இணைத்துப் பேசப்பெறும் ஊர். அவ்வூரில் பத்தாண்டுகளாகத் தமிழ் வளர்த்துவரும் இலக்கிய வட்டத்தின் முன் இன்று வைக்கப்பெறும் பொருள் பழமையானது. ஆயினும் ஒவ்வொரு தலைமுறையும் தானே விடை தேடிக்கொள்ள வேண்டியது. கொடுப்பவன் உயர்ந்தவன், பெறுபவன் தாழ்ந்தவன் என்னும் எண்ணம் ஈகைக்குள் புகுந்துவிட்டால் அது ஈகையாகுமா? இவ்வினாவுக்குக் கிறித்தவ அறநெறி கூறும் விடையையும், அவ்விடை தமிழ் மண்ணில் பெற்ற தோல்வியையும் வெற்றியையும் காண்பது இவ்வுரையின் நோக்கம்.

இயேசுபிரானின் மலைப்பொழிவு, அறம் செய்வோர் பிறர் காணுமாறு அதனைச் செய்தல் ஆகாது என விலக்குகிறது. ஒரு கை செய்யும் உதவியை மறு கையும் அறிதல் கூடாது என்பது அதன் கருத்து. கோயில் காணிக்கைப் பெட்டியில் செல்வர் பலர் பெரும்பொருள் இட்டனர். ஏழைக் கைம்பெண் ஒருத்தி இரு சிறு காசுகளை இட்டாள். மிகுதியாகக் கொடுத்தவள் அவளே என்று பெருமான் மொழிந்தார். இங்கு அளவுகோலே மாறுகிறது. கொடுத்த தொகையைப் பாராமல், கொடுத்தபின் கையில் எஞ்சியது எவ்வளவு என்று பார்க்கும் கணக்கு இது.

நல்ல சமாரியர் உவமையிலும் இதே நுட்பம் உண்டு. குற்றுயிராய்க் கிடந்தவனைக் குருவும் கோயிற்பணியாளனும் கண்டு விலகிச் சென்றனர். யூதர் இழிவாக எண்ணிய இனத்தவன் ஒருவனே அருகில் சென்று காயம் கட்டினான். இறுதி இரவு உணவின்போதோ ஆசானே இடுப்பில் துண்டைக் கட்டிக்கொண்டு சீடர்களின் காலடிகளைக் கழுவினார். பேதுரு தடுத்தும் அவர் விடவில்லை. இந்நான்கையும் ஒருங்கு நோக்கினால் தாழ்மை என்பது ஈகைக்குப் பக்கத்தில் நிற்கும் மற்றொரு பண்பு அன்று என்பது விளங்கும். ஈகை நடந்து செல்ல வேண்டிய வழியே தாழ்மைதான்.

தமிழர்க்கு இக்கருத்து புதிதன்று. புறநானூற்றின் 134-ஆம் பாடலில் உறையூர் ஏணிச்சேரி முடமோசியார் ஆய் அண்டிரனைப் பாடுகிறார். மறுமையில் பயன் கிடைக்கும் என்று இம்மையில் கொடுப்பவன் வணிகனே. ஆய் அத்தகையவன் அல்லன் என்பது அப்பாடலின் பொருள். 208-ஆம் பாடல் இன்னும் கூர்மையானது. நாடி வந்த புலவரை நேரில் காணாமலே அதியமான் பரிசிலைக் கொடுத்தனுப்பினான். பெருஞ்சித்திரனார் அதனை ஏற்க மறுத்தார். முகம் பார்த்து, தகுதி அறிந்து கொடுப்பதானால் சிறிய அளவும் தமக்கு இனிது என்றார். அவரே குமணனிடம் பெற்றுவந்த வளத்தை, யார் எவர் என்று பாராமல் எல்லார்க்கும் வழங்குமாறு மனைவியைப் பணித்தவர். 163-ஆம் பாடல் அதற்குச் சான்று.

இரு மரபுகளும் இங்கே கைகோத்து நடக்கின்றன. எனினும் வேறுபாட்டையும் மறைத்தல் ஆகாது. மறைவாகச் செய்யும் அறத்திற்கு விண்ணகத் தந்தை கைம்மாறு அளிப்பார் என்று நற்செய்தி கூறுகிறது. முடமோசியாரோ மறுமைப் பயனையே கணக்கிலிருந்து நீக்குகிறார். மறுபுறம், தகுதி அறிந்து கொடுக்குமாறு புலவர் கேட்கிறார். சமாரியனோ தகுதி எதனையும் வினவவில்லை. ஒன்றிலிருந்து மற்றொன்று கற்றுக்கொள்ள இடம் இருக்கிறது என்பதே இவ்வேறுபாட்டால் பெறப்படும் உண்மை.

நூலில் உள்ள அறம் ஊரில் நடந்ததா என்று கேட்டால், புதுச்சேரியின் வரலாறு தலைகுனியச் செய்யும் ஒரு பக்கத்தையும் காட்டுகிறது. ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பு 1745-ஆம் ஆண்டு நிகழ்ச்சி ஒன்றைப் பதிவு செய்துள்ளது. சம்பா கோவிலுக்குள் சாதிக் கிறித்தவரையும் ஒடுக்கப்பட்ட கிறித்தவரையும் பிரித்து ஒரு சுவர் இருந்தது. காரைக்காலிலிருந்து வந்த குரு ஒருவரின் தூண்டுதலால், ஒடுக்கப்பட்ட மக்கள் அச்சுவரை நீக்குமாறு முறையிட்டனர். மூத்த குருவும் இசைந்தார். அதற்கு எதிராக மேல்சாதிக் கிறித்தவர் கிளர்ந்தெழுந்தனர். காலடி கழுவிய பெருமானை வணங்கும் கோவிலிலேயே, அருகில் மண்டியிடுவதற்கு மறுப்பு! தாழ்மை இல்லாத இடத்தில் வழிபாடும் அறமும் எவ்வாறு வெற்றுச் சடங்காகும் என்பதற்கு வேறு சான்று வேண்டுவதில்லை.

இப்பின்னணியில்தான் மாயூரம் முனிசீப் வேதநாயகம் பிள்ளையின் வாழ்வு ஒளிவிடுகிறது. 1826-இல் திருச்சிராப்பள்ளியை அடுத்த குளத்தூரில் கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தவர்; 1889-இல் மறைந்தவர். தமிழின் முதல் புதினமாகிய பிரதாப முதலியார் சரித்திரத்தை 1879-இல் வெளியிட்டவர் என்றே பலரும் அவரை அறிவர். அதற்கு இருபது ஆண்டுகளுக்கு முன்பே, 1859-இல், நீதிநூல் இயற்றிக் கைக்கூலியைக் கடிந்தவர். தாம் வகித்த பதவியின் நோயையே தம் பாட்டில் பழித்தவர்.

1876 முதல் 1878 வரை தென்னாட்டை வாட்டியது தாதுவருடப் பஞ்சம். மாண்டவர் தொகை பல இலட்சம். அரசின் சார்பில் வந்த சர் ரிச்சர்டு டெம்பிள், 1877-இல், நிவாரண வேலை செய்யும் ஒருவனுக்கு நாளொன்றுக்கு ஒரு பவுண்டு தானியமும் சிறு காசும் போதும் என்று அளவிட்டார். ஒரு பவுண்டு என்பது ஏறத்தாழ 450 கிராம். மண் சுமக்கும் உடலுக்கு இது போதாது என்று சென்னை மாகாண சுகாதார ஆணையர் கார்னிஷ் எதிர்த்து எழுதினார். சில மாதங்களில் அளவு உயர்த்தப்பட்டது. பசித்தவனின் முகம் காணாமல் ஏட்டில் அளந்த உதவி அது. பெருஞ்சித்திரனார் ஏற்க மறுத்த பரிசில் எத்தகையது என்பதை இப்பஞ்சம் மீண்டும் ஒருமுறை உணர்த்தியது.

வேதநாயகம் பிள்ளையோ பசித்தவரை மாயூரத் தெருக்களில் நேரில் கண்டார். பதவியிலிருந்து விலகியிருந்த காலம் அது. தம் கைப்பொருளைச் செலவிட்டுக் கஞ்சி வார்த்தார். பஞ்சத்தின் கொடுமையை இறைவனிடம் முறையிடும் கீர்த்தனைகளையும் இயற்றினார். 1878-இல் வெளிவந்த சர்வசமய சமரசக் கீர்த்தனையில் அவை இடம்பெற்றன. எல்லாச் சமயத்தாரும் பாடத்தக்க பொதுமையில் அந்நூலை அவர் அமைத்தது எண்ணிப் பார்த்தற்குரியது. பசிக்குச் சமயம் இல்லை. முறையீட்டுக்கு மட்டும் எதற்கு என்று அவர் கருதினார் போலும்.

அவருடைய நட்பு வட்டமும் அத்தகையதே. மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை அவரைத் தலைவராக வைத்துக் குளத்தூர்க் கோவை பாடினார். திருவாவடுதுறை ஆதீனத் தலைவர் சுப்பிரமணிய தேசிகரைக் கத்தோலிக்கராகிய வேதநாயகம் பிள்ளை பாடிப் போற்றினார். நந்தனார் சரித்திரம் தந்த கோபாலகிருஷ்ண பாரதியாரோ, பஞ்சக் காலத்து அவருடைய கொடையைக் கண்டு, புருஷ மேரு என அவரை விளித்துக் கீர்த்தனை இயற்றினார். சுவருக்கு அப்பால் நிறுத்தப்பட்ட அடியாரின் துயரைப் பாடிய அந்தச் சிவபக்தர், கிறித்தவர் ஒருவரின் ஈகையை மலையெனப் பாடியது தற்செயல் அன்று.

இங்கே ஓர் ஐயம் எழும். அறத்தை மறைத்துச் செய்க என்பது நற்செய்தி. பாரதியாரின் பாட்டோ அதனை ஊரறியச் செய்துவிட்டது. இது முரண் அன்றோ? அன்று. மறைக்கும் கடமை கொடுப்பவனுக்கு உரியது. உரைக்கும் கடமை கண்டவனுக்கு உரியது. கொடுத்தவனே உரைத்தால் அது விளம்பரம். கண்ட புலவன் உரைத்தால் அது சாட்சி. கஞ்சி வார்த்த கை தன்னைப் பாடிக்கொண்டிருந்தால் பாரதியாரின் நா எழுந்திராது.

இவ்வேறுபாடு கவிஞர்க்கு இன்றியமையாதது. பொன்னாடைக்கும் பட்டத்திற்கும் கைம்மாறாகப் பாடப்பெறும் வாழ்த்துகள் மலிந்த அரங்குகளில், எவரைப் பாடுவது என்னும் வினாவே கவிஞனின் அறத்தைச் சோதிக்கிறது. மேடையில் நிற்பவரைப் பாடுதல் எளிது. தம் கைப்பொருள் தீரும்வரை தெருவில் நின்றவரைத் தேடிப் பாடுவதற்குக் கவிஞனும் தன் இருக்கையைவிட்டு இறங்கி வர வேண்டும். அந்த இறக்கமே பாடுவோனுக்குரிய தாழ்மை.

பத்தாண்டு கண்ட இவ்வட்டம் நூறாண்டு காணட்டும். அதன் கவிஞர்கள் பாடும் பெயர்களுள், தம் பெயர் எங்கும் பொறிக்கப்பெறாத சிலருடையனவும் இடம்பெறுக!